ஏழாவது வளைவில் நிற்கும் லாரி

மருதாசலம் இறந்து எட்டு மாதமாகியும் அவருடைய நிழல் வளர்ந்துகொண்டேயிருந்தது.

டிவித் திரை அப்படித்தான் சொன்னது. அன்று செவ்வாய்க்கிழமை. கோகிலவாணி மோட்டார் வைண்டிங் பட்டறையிலிருந்து வந்து, முகம் கழுவி, காபி டம்ளரோடு உட்கார்ந்து கேம் பெட்டியைப் போட்டாள். வழக்கமாக வரும் மலைப்பாதை வரவில்லை. மஞ்சள் கட்டத்துக்குள் நாலு வரி வந்து நின்றது. சேமிப்பிடம் நிறைந்துவிட்டது. 'மருதாசலம்' என்ற நிழல் வளர்ந்துள்ளது. வெளி டிரைவை இணைக்கவும். இல்லையென்றால் வெள்ளிக்கிழமை முதல் நிழல்கள் வெட்டிச் சுருக்கப்படும்.

மூன்று தடவை படித்தாள். வெள்ளிக்கிழமை என்பது புரிந்தது. வெட்டிச் சுருக்குவது என்பதும் புரிந்தது. 'வளர்ந்துள்ளது' என்பதுதான் புரியவில்லை. ஆத்துப்பாலம் மின்மயானத்தில் சாம்பலாகிப் போன மனிதருக்கு வளர என்ன இருக்கிறது?

நிழல் என்றால் என்னவென்று இங்கேயே சொல்லிவிடுவது நல்லது. அந்த வருஷங்களில் கேம் பெட்டிகள் மனிதக் கையைப் படிக்கக் கற்றுக்கொண்டிருந்தன. நீங்கள் கன்ட்ரோலரைப் பிடித்து விளையாட விளையாட, எந்த இடத்தில் பயப்படுகிறீர்கள், எங்கே அவசரப்படுகிறீர்கள், பொத்தானை அழுத்துவதற்கு முன் எவ்வளவு நேரம் தயங்குகிறீர்கள் என்று பெட்டி குறித்துக்கொண்டே வரும். கொஞ்ச நாளில் நீங்கள் இல்லாதபோதும் உங்களைப் போலவே விளையாடும் ஒன்று அதற்குள் உருவாகிவிடும். ஜோடி ஆள் ஊருக்குப் போயிருந்தால் அவர் நிழலோடு விளையாடிக்கொள்ளலாம் என்பதற்காகச் செய்த ஏற்பாடு. ஊருக்குப் போனவர்கள் திரும்பாமலே போவதும் உண்டு என்பதை அதைச் செய்தவர்கள் யோசித்தார்களோ, இல்லையோ.

கோகிலவாணியும் மருதாசலமும் விளையாடியது ஒரே ஒரு விளையாட்டு. மலைச்சரக்கு என்று பெயர். அடிவாரத்தில் இரண்டு லாரிகளில் சரக்கேற்றிக்கொண்டு பதினான்கு கொண்டை ஊசி வளைவு ஏற வேண்டும். இரண்டு லாரியும் மேலே போய்ச் சேர்ந்தால்தான் சரக்கை இறக்குவார்கள். ஒன்று மட்டும் போய் நின்றால் வெறுமனே நிற்க வேண்டியதுதான். மருதாசலம் ஃபவுண்டரியில் மோல்டிங் வேலை பார்த்தவர். லாரி ஓட்ட ஆசை, கண்ணில் ஏதோ குறை என்று லைசென்ஸ் கிடைக்கவில்லை. அதனால் சாயங்காலம் ஆறு மணியானால் கூடத்துச் சோபாதான் அவருக்கு லாரி சீட்டு.

அவர் போன பதினேழாம் நாள், வீட்டில் எல்லாரும் கிளம்பிப் போனபின், அவருடைய நிழலைக் கூப்பிட்டுப் பார்த்தாள் கோகிலவாணி. வந்தது. அவளோடு மலையேறியது. ஒவ்வொரு தடவையும் ஏழாவது வளைவில் ஓரமாக லாரியை நிறுத்தி, இண்டிகேட்டரைப் போட்டுக்கொண்டு அவளுக்காகக் காத்திருந்தது. முதல் நாள் அதைப் பார்த்து அழுதாள். உயிரோடு இருந்த இருபத்தாறு வருஷத்தில் மருதாசலம் எதற்கும் நின்று காத்திருந்தவர் இல்லை. உக்கடம் மார்க்கெட்டில்கூட இருபதடி முன்னாலேயே போவார். இவள் கூடையோடு ஓட வேண்டும்.

இதைக் கேட்டபோது அவருடைய அக்கா சொர்ணாத்தாள் சிரித்தாள். “செத்தப்புறந்தான் என்ற தம்பிக்குப் பொண்டாட்டிக்கு நிக்கோணும்னு தோணியிருக்குது” என்றாள். சிரித்துவிட்டு முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

ஒரே ஒரு குறை. மருதாசலம் விளையாடும்போது ஓயாமல் ஹார்ன் அடிப்பார். பீப் பீப் என்று இரண்டு குட்டி ஹார்ன். 'நீ போ, நான் வர்றேன்' என்று அர்த்தம். நிழல் ஹார்ன் அடிப்பதே இல்லை. அதையெல்லாம் பெட்டி கற்றுக்கொள்ளாது போலிருக்கிறது என்று கோகிலவாணி தன்னைச் சமாதானம் செய்துகொண்டிருந்தாள்.

அன்று சாயங்காலம் அந்த மஞ்சள் கட்டத்தையே பார்த்துக்கொண்டிருந்தவள், என்ன நினைத்தாளோ, எழுந்து போய் இன்னொரு டம்ளரில் காபி ஊற்றிக்கொண்டுவந்து டிவி ஸ்டாண்டில் வைத்தாள். சர்க்கரை போடாமல், அவருக்குப் போடுவது போல.

மறுநாள் காலையில் சொர்ணாத்தாள் வந்தபோது அந்த டம்ளர் ஆடை படிந்து அங்கேயே இருந்தது. அவள் அதைப் பார்த்தாள். திரையைப் பார்த்தாள். திரையில் இருப்பதை வாசித்துக் காட்டச் சொல்லிக் கேட்டாள். கேட்டுவிட்டு நேரே சாமி படத்தருகே போய் விபூதி எடுத்து வந்து கோகிலவாணியின் நெற்றியில் அழுத்திப் பூசினாள். போனவர்களை இப்படிப் பிடித்து வைத்துக்கொள்ளக் கூடாது, அவன் போகவும் முடியாமல் இருக்கவும் முடியாமல் அதற்குள் கிடந்து தவிக்கிறான், இன்றைக்கே அதை அணைத்து அட்டைப்பெட்டியில் போட்டுக் கட்டு என்றாள். அண்ணி சொல்வது மாதிரி இருக்குமோ என்று கோகிலவாணியின் ஒரு மனம் பயந்தது. அப்படியே இருந்துவிடக் கூடாதா என்று இன்னொரு மனம் ஏங்கியது. இரண்டும் தன்னுடைய மனம்தானா என்று அவளுக்கே சந்தேகமாக இருந்தது.

பத்து மணிக்கு பெனாசிர் வந்தாள். கணபதிப் பகுதியில் கேம் பெட்டி ரிப்பேர் கடை வைத்திருப்பவள், நாற்பது வயதிருக்கும். முன்தினமே போனில் பேசி ஒரு புது வெளி டிரைவ் கொண்டுவரச் சொல்லியிருந்தாள் கோகிலவாணி. உள்ளங்கை அகலத்தில், சோப்புக்கட்டி மாதிரி இருந்தது.

பெனாசிர் தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்து வேலையைத் தொடங்கினாள். ஏற்கெனவே டிவியின் பின்னால் இருந்த பல வாய் யூ.எஸ்.பி. கட்டையில் கோகிலவாணி டிரைவைச் செருகப் போனாள். அதெல்லாம் ஒத்துக்காது, நேரே பெட்டியில்தான் செருக வேண்டும் என்று பெனாசிர் வாங்கிச் செருகினாள். உடனே திரை கேட்டது: இந்த டிரைவை ஃபார்மட் செய்யவா? இதில் உள்ள அனைத்தும் அழிந்துவிடும்.

கோகிலவாணி பதறிப்போய் அவள் கையைப் பிடித்துக்கொண்டாள்.

“அக்கா, அழியறது டிரைவுல இருக்கறதுங்க. புது டிரைவு. அதுல ஒண்ணுமே இல்லீங்க. வாடகைக்கு வர்றதுக்கு முன்ன வீட்டைச் சுண்ணாம்படிக்கிற மாதிரி, அவ்வளவுதான்.”

ஃபார்மட் முடிந்தது. டிரைவுக்கு என்ன பெயர் வைக்கலாம் என்று திரை கேட்டதற்கு, அப்புறம் சொல்கிறோம் என்று தள்ளிவிட்டு, பெனாசிர் விஷயத்தை விளக்கினாள். வெளி டிரைவில் நிழலை வைத்திருக்கலாம். ஆனால் அங்கிருந்து விளையாட முடியாது. அங்கே அது தூங்கும். பெட்டிக்குள் இருந்தால்தான் ஓடும். இரண்டு இடத்திலும் ஒரே நிழலை வைக்கவும் வழியில்லை, சட்டம் அப்படி. ஒரு ஆளுக்கு ஒரு நிழல்தான். இப்போது பெட்டிக்குள் இரண்டு நிழல் இருக்கிறது. அண்ணனுடையது பெருத்துவிட்டதால் இரண்டுக்கும் சேர்த்து இடமில்லை. ஒன்று வெளியே போக வேண்டும்.

“அதுக்கு ஏம்மா இத்தனை? என்னோடதை அழிச்சுப் போடு” என்றாள் கோகிலவாணி. “நாந்தான் உசுரோட இருக்கறனே, எனக்கெதுக்கு நெழலு? அவரோடது மட்டும் இருக்கட்டும். டிரைவே வேண்டாம்.”



பெனாசிர் பட்டியலைத் திறந்தாள். 'கோகிலவாணி' என்ற பெயரின் மேல் போய் நின்றாள். அழிக்கவா என்று திரை கேட்டது. கடையில் எதை அழித்தாலும் அதன் தேதியை வாய்விட்டுப் படித்துவிட்டுத்தான் அழிப்பது பெனாசிரின் பழக்கம். ஒருமுறை யாரோ ஒருவருடைய கல்யாண வீடியோவை அழித்துவிட்டு அவள் பட்டபாடு போதும்.

“கோகிலவாணி. கடைசியா கை பட்டது ஜனவரி ஒன்பது, சாயங்காலம் ஆறே கால்” என்று படித்தாள். நிறுத்தினாள். “ஏங்க்கா, நீங்க தினமும் விளையாடறதாச் சொன்னீங்க?”

“தினமுந்தான். திங்கக்கிழமைகூட விளையாண்டேன்.”

பெனாசிர் மேலே இருந்த பெயருக்குப் போனாள். “மருதாசலம். கடைசியா கை பட்டது திங்கட்கிழமை.” குரல் இறங்கிவிட்டது. “நிழல் தானா வளராதுங்க அக்கா. உசுருள்ள ஒரு கை அந்தக் கன்ட்ரோலரைப் பிடிச்சாத்தான் வளரும்.”

சொர்ணாத்தாள் மெல்ல எழுந்து வாசல் பக்கமாகப் போய் நின்றுகொண்டாள். கோகிலவாணி தேதிகளை எண்ணிப் பார்த்தாள். ஜனவரி பத்தாம் தேதி காலைதான் மருதாசலத்தை ஆஸ்பத்திரியில் சேர்த்தார்கள். ஒன்பதாம் தேதி சாயங்காலம் கடைசியாக இருவரும் விளையாடியபோது ஆறே கால் மணிக்குக் கை மரத்துப்போகிறது என்று கன்ட்ரோலரைக் கீழே வைத்தவர் அவர். அந்த நேரம் ஏன் தன் பெயருக்குக் கீழே இருக்கிறது? திங்கட்கிழமை யாருடைய கை அவர் பெயரில் பட்டது? ஒரு கணம், ஒரே ஒரு கணம், அவளுக்குப் பக்கத்தில் சோபா அமுங்கியது போலிருந்தது.

“கன்ட்ரோலர் ரெண்டையும் கொடுங்க” என்றாள் பெனாசிர்.

இரண்டும் ஒரே கறுப்பு, ஒரே அளவு. அடையாளத்துக்கு ஒன்றில் விபூதிப் பட்டை, அது அவருடையது. ஒன்றில் சந்தனம் வைத்து மேலே குங்குமப் பொட்டு, அது இவளுடையது. வாங்கின வருஷம் ஆயுத பூஜைக்கு வைத்தது. அதிலிருந்து ஒவ்வொரு ஆயுத பூஜைக்கும் துடைத்துப் புதிதாக வைப்பார்கள். பெனாசிர் பொட்டு வைத்ததை எடுத்து நடுப்பொத்தானை அழுத்திப் பிடித்தாள். திரையின் ஓரத்தில் எழுத்து வந்தது: மருதாசலம்.

“இது என்னோடதும்மா” என்றாள் கோகிலவாணி. “பொட்டு இருக்குதே.”

“பெட்டிக்குப் பொட்டு தெரியாதுங்க. உள்ள இருக்கற நம்பர்தான் தெரியும். இது அண்ணன் பேர்ல பதிஞ்ச கன்ட்ரோலர்.”

பட்டை போட்டதை அழுத்தினாள். கோகிலவாணி என்று வந்தது.

வாசல் பக்கமிருந்து சொர்ணாத்தாள் பேசினாள். “நாந்தானே அன்னிக்குத் தொடச்சு வெச்சேன்.”

மூன்று வருஷத்துக்கு முந்தைய ஆயுத பூஜை. மருதாசலத்துக்குச் சிறுநீரகம் பழுது என்று சொல்லி, வாரம் மூன்று நாள் டயாலிசிஸ் தொடங்கியிருந்த நேரம். கோகிலவாணி அவரை அழைத்துக்கொண்டு ஆஸ்பத்திரிக்குப் போய்விட்டாள். வீட்டில் பூஜை நின்றுபோகக் கூடாதென்று சொர்ணாத்தாள் வந்து தையல் மிஷின், மிக்ஸி, சைக்கிள் எல்லாம் கழுவித் துடைத்தாள். தம்பி கை வைக்கும் சாமானாயிற்றே என்று இரண்டு கன்ட்ரோலரையும் ஈரத்துணியால் அழுத்தித் துடைத்தாள். அப்புறம் கண்ணுக்குத் தோன்றினபடி ஒன்றுக்குப் பட்டை, ஒன்றுக்குப் பொட்டு. “ரெண்டும் ஒண்ணு மாதிரியே இருந்துச்சு சாமி. இதுக்குள்ள ஆளுக்கொண்ணுன்னு இருக்குதுன்னு எனக்கெப்படித் தெரியும்?” என்றாள்.

கோகிலவாணிக்கு ஒன்றன்பின் ஒன்றாகக் கோத்துப் பார்க்க நேரம் பிடித்தது. வாய்விட்டே சொல்லிப் பார்த்தாள். அன்றிலிருந்து இவள் பிடித்தது அவருடைய கன்ட்ரோலர். அவர் பிடித்தது இவளுடையது. பெட்டி அவர் என்று நினைத்துப் படித்ததெல்லாம் இவள் கையை.

“அதுக்கு முன்ன படிச்சது இருக்குமில்ல? அவரு நல்லா இருந்தப்ப விளையாண்டது?”

பெனாசிர் தலையை ஆட்டினாள். நிழல் கடைசியாகப் பார்த்த கையைத்தான் நம்பும். புதியது வரவரப் பழையது அடியில் போய்க் கரைந்துவிடும். “தன் நிழலோட தானே விளையாடறதைப் பெட்டி தடுக்காதுங்க அக்கா. பழகறவங்க நெறையப் பேரு அப்படித்தான் விளையாடுவாங்க” என்றும் சொன்னாள். சொன்ன பிறகுதான் அதன் பொருள் அவளுக்கே உறைத்தது போல. கன்ட்ரோலரைக் கீழே வைத்துவிட்டுத் துப்பட்டாவை இழுத்துவிட்டுக்கொண்டாள்.

அப்படியானால் ஏழாவது வளைவில் நின்றது யார்?

டயாலிசிஸ் தொடங்கிய பிறகு மருதாசலத்தின் விரல்கள் மரத்துப்போகும். லாரி பாதி ஏற்றத்தில் நின்றுவிடும். முன்னால் போய்க்கொண்டிருக்கும் கோகிலவாணி ஏழாவது வளைவில் அகலமான இடம் பார்த்து, ஓரங்கட்டி, இண்டிகேட்டரைப் போட்டுக்கொண்டு அவருக்காக நிற்பாள். இரண்டு வருஷமாக அப்படித்தான் நின்றாள். பெட்டி அதைப் பார்த்துக் கற்றுக்கொண்டது. எட்டு மாதமாக அவளுக்காக அங்கே நின்றது அவளேதான். அவள் நினைத்து நினைத்து அழுத கருணை, பட்டறையில் மூன்று பேரிடம் பெருமையாகச் சொல்லிக்கொண்ட மாறுதல், எல்லாம் தன் கை தனக்கே செய்துகொண்டது.

கோகிலவாணி திரையிலிருந்த தன் பெயரைப் பார்த்தாள்.

“அவரை அழிக்க இருந்தோமே” என்றாள் பிறகு. அதை மட்டும்.

சொர்ணாத்தாள் உள்ளே வந்து சோபாவின் நுனியில் உட்கார்ந்தாள். காலையில் அட்டைப்பெட்டியில் போட்டுக் கட்டச் சொன்னவள். “அவனை ஒருக்கா வரச் சொல்லு. நான் பாக்கறேன்” என்றாள்.

கோகிலவாணி பொட்டு வைத்த கன்ட்ரோலரை எடுத்தாள். ஜோடி யார் என்று திரை கேட்டதற்குத் தன் பெயரையே தேர்ந்தெடுத்தாள். இடமில்லாவிட்டாலும் ஒரு ஆட்டத்துக்கு விடும் என்றாள் பெனாசிர். இரண்டு லாரிகள் அடிவாரத்தில் சரக்கேற்றிக்கொண்டு கிளம்பின.

பின்னால் வந்த லாரி மெதுவாக வந்தது. முதல் வளைவில் சக்கரம் மண்ணில் இறங்கி ஏறியது. மூன்றாவது வளைவுக்குக் கீழே நட்ட நடு ரோட்டில் அப்படியே நின்றுவிட்டது. எந்தக் காரணமும் தெரியவில்லை. 

பிறகு ஹார்ன் கேட்டது. பீப் பீப்.

எட்டு மாதமாகக் கேட்காத சத்தம். நீ போ, நான் வர்றேன்.

சொர்ணாத்தாள் வாயைப் பொத்திக்கொண்டாள். “விரல உதறிக்கிட்டிருக்கறான் பாரு” என்றாள். திரையில் லாரிதான் இருந்தது, விரல் எதுவும் இல்லை. ஆனாலும் கோகிலவாணிக்கும் அது தெரிந்தது.

அன்று மேலே போய்ச் சேர நாற்பது நிமிஷம் ஆயிற்று. சரக்கு இறங்கியது. பெனாசிர் கடையைப் பூட்டிவிட்டு வந்ததையே மறந்து உட்கார்ந்திருந்தாள். பிறகு நினைவு வந்து, எதை உள்ளே வைப்பது, எதை வெளியே அனுப்புவது என்று கேட்டாள்.

கோகிலவாணி பட்டியலிலிருந்த இரண்டு பெயரையும் பார்த்தாள். ஒன்று, எட்டு மாதம் அவளைத் தாங்கியது. நின்றது, காத்தது, தூங்க வைத்தது. அவராக இல்லாவிட்டால் என்ன, ஆறுதல் ஆறுதல்தானே. இன்னொன்று அவர். ஆனால் ஃபவுண்டரியில் நெருப்பு வார்த்துவிட்டு உக்கடத்தில் இருபதடி முன்னால் நடந்த அவர் அல்ல. அந்த மனிதர் எந்தப் பெட்டியிலும் இல்லை. இங்கே இருப்பது கை மரத்து, வழியில் நின்று நின்று வருகிற கடைசி இரண்டு வருஷத்து அவர். மறுபடியும் தினமும் அவரைக் காத்துக்கொண்டு நிற்க வேண்டும். ஆஸ்பத்திரி வராந்தாவில் நின்று ஓய்ந்த கால், இன்னும் ஓயவில்லையா என்று அவளுக்கே கேள்வியாக இருந்தது.

“சும்மா எடுத்தவாக்குல முடிவு பண்ணாதீங்க அக்கா” என்றாள் பெனாசிர். “வெள்ளிக்கிழமை வரைக்கும் நேரமிருக்கு.”

“இல்லம்மா. நின்னு நின்னு அவளுக்கும் கால் வலிச்சிருக்கும். அவ தூங்கட்டும்.”

திரை டிரைவுக்குப் பெயர் கேட்டது. கோகிலா என்று அடித்தாள் பெனாசிர். மேலே மருதாசலம் என்ற பெயரில் கிடந்த கோகிலவாணி, ஒரு நீலக்கோடாக மெதுவாக ஊர்ந்து அந்தச் சோப்புக்கட்டிக்குள் போய்ச் சேர்ந்தாள்.

கிளம்புமுன் பெனாசிர் ஒன்றைத் திருப்பித் திருப்பிச் சொன்னாள். பட்டை போட்ட கன்ட்ரோலரை இனி யாரும் ஆன் செய்து பிடிக்கக் கூடாது. எந்தக் கை பட்டாலும் அந்தக் கையைத்தான் நிழல் கற்கும், அண்ணன் அடியில் போய்விடுவார். விளையாட்டுக்கும் கூடாது, ஒரு நிமிஷத்துக்கும் கூடாது. சொர்ணாத்தாள் அதைத் தொடுவதற்காக நீட்டியிருந்த கையை மடியில் இழுத்துக்கொண்டாள்.

“அப்ப வர்ற ஆயுத பூசைக்கு?” என்றாள்.

“அதை மட்டும் தொடைக்க வேண்டாம் அண்ணி” என்றாள் கோகிலவாணி. “அழுக்கோடவே இருக்கட்டும்.”

பெனாசிர் போனபின் டிரைவை ஒரு கைக்குட்டையில் சுற்றினாள். பீரோவைத் திறந்து, கல்யாணப் புடவைக்குப் பக்கத்தில் தன்னை வைத்துப் பூட்டினாள்.

அன்று சொர்ணாத்தாள் வீட்டுக்குப் போகவில்லை. அவளுடைய மருமகள் இரண்டு தடவை போன் செய்தும் எடுக்கவில்லை. ஆறு மணிக்கு இரண்டு பேரும் சோபாவில் உட்கார்ந்தார்கள். கோகிலவாணி மலையேறினாள். ஆறு வளைவு தாண்டினாள். ஏழாவதில் அகலமான இடம் பார்த்து ஓரங்கட்டி இண்டிகேட்டரைப் போட்டாள். கீழே ரோடு காலியாக இருந்தது. காபி ஆறியது. இண்டிகேட்டர் மினுக்கிக்கொண்டேயிருந்தது.

“வர்றானா?” என்றாள் சொர்ணாத்தாள்.

“வருவாருங்க அண்ணி. மெதுவாத்தான் வருவாரு.”